ஜன்னல் பக்கம்

ஆவடி குவார்ட்டர்ஸில் மதியச் சமையல் முடிந்ததும் பேபி வீட்டுத் தரையில் கேரம் பலகை விழும். எதிரில் பக்கத்து வீட்டு சபீனா. ஜெயித்தவள் ஸ்ட்ரைக்கரைத் தன் வீட்டுக்கு எடுத்துப் போவாள். தோற்றவள் மறுநாள் ஆடித்தான் அதை மீட்க வேண்டும். முன்பெல்லாம் அது இரண்டு வீட்டுக்கும் மாறி மாறிப் போய் வந்தது. புயல் மழையில் பேபி வீட்டுக்குள் தண்ணீர் புகுந்து வடிந்த பிறகு, ஸ்ட்ரைக்கர் அவளுடைய உப்பு ஜாடிக்குப் பக்கத்திலேயே தங்கிவிட்டது.

தண்ணீரில் ஊறிய பலகை லேசாக வளைந்திருந்தது. ஜன்னல் பக்கம் உட்கார்ந்து தட்டினால் காய் குழிக்குள் தானாகச் சரியும். சுவர்ப் பக்கமிருந்து தட்டினால் குழியின் வாசலில் ஒதுங்கி நின்றுவிடும். பேபி எப்போதும் ஜன்னல் பக்கம்தான். காற்று வேண்டுமாம்.

சபீனாவின் கணவர் ஓய்வு பெற்றுவிட்டார். இன்று குவார்ட்டர்ஸைக் காலி செய்து நூம்பலில் கட்டிய வீட்டுக்குப் போகிறார்கள். தெருவில் மினி லாரியில் சாமான் ஏறிக்கொண்டிருந்தது. பேபி தோற்றால் ஸ்ட்ரைக்கரும் அதில் போய்விடும். மீட்பதற்கு மறுநாள் கிடையாது.

உள்ளே வந்த சபீனா நேராகப் போய் ஜன்னலோரம் சம்மணம் போட்டாள்.

"அது என் எடம்டி."

"தெனமும் நீதானேக்கா காத்து வாங்குற? இன்னிக்கு நான் வாங்கிக்கிறேன்."

"செவுத்துப் பக்கம் எனக்கு முதுகு புடிச்சிக்கும்."

"இத்தினி நாளா என் முதுகு இன்னா இரும்பா?"

பேபி சட்டென்று பலகையைப் பார்த்தாள். இவளுக்குத் தெரிந்திருக்கிறது. எப்போதிலிருந்து? கேட்டால் தானே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். பவுடரைத் தூவிவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்தாள்.

கடைசியில் ஆளுக்கு ஒரு காயும் சிவப்பும் மிஞ்சின. பேபியின் ஆட்டம். வெளியே லாரிக்காரர் ஹாரன் அடித்தார். வியர்த்த விரலைப் புடவையில் துடைத்துக்கொண்டு, மூச்சைப் பிடித்து, சுண்டினாள்.

சிவப்பு அழகாக வழுக்கிப் போய், குழியின் வாசலில் ஒதுங்கி நின்றது.

சபீனா அதைத் தட்டி உள்ளே தள்ளினாள். அடுத்த அடியில் தன் காயையும்.

அவள் சிரிக்கவில்லை. ஸ்ட்ரைக்கரை முந்தானையில் முடிந்துகொண்டு, "வரேன்க்கா" என்று எழுந்தாள்.

லாரி கிளம்பும் நேரம், பேபி பலகையைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள்.

"டிரைவரண்ணா, இத்தையும் ஏத்து. பீரோவுக்குப் பின்னால சொருவாத, வளைஞ்சிடும்."

"வளைஞ்சிடுமா?" என்றாள் சபீனா.

பேபிக்கு முகம் சிவந்தது. பலகையின் ஓரத்தை ஓங்கித் தட்டினாள்.

"ஞாயித்துக்கெழம வரேன். இந்தப் பக்கம், இத்தினி நாளா நீ உக்காந்த இந்தச் செவுத்துப் பக்கம், எனக்கு. ஸ்ட்ரைக்கரத் தொடச்சி வைடி."