அறுத்த அரைஞாண் கயிறு

அறுத்த கறுப்பு அரைஞாண் கயிறு ஒன்று எங்கள் திண்டிவனம் வீட்டு பீரோவில் பல வருடம் கிடந்தது. என் இடுப்பில் இருந்ததுதான். அப்பா அதைச் சாட்சிக்காக வைத்திருந்தார்.

அப்பாவுக்கு மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை வியாபாரம். மூட்டையில் மேலே இருப்பதை நம்பாமல் அடிவரை கைவிட்டு அள்ளிப் பார்ப்பார். மனிதர்களிடமும் அதே குணம்தான். நான் பதினொன்றாம் வகுப்பு படித்தபோது, ஒரு பரீட்சை நாள் காலையில் விரையில் உயிர்போகிற வலி. வெட்கத்தில் வயிற்றுவலி என்றேன். "பரீச்சைன்னாலே ஒனக்கு வயிறு வலிக்குமே" என்று ஓமத்தண்ணீர் கொடுத்துப் படுக்கவைத்தார். வாந்தி எடுத்த பிறகுதான் உள்ளதைச் சொன்னேன். உள்ளூர் டாக்டர் பார்த்ததுமே விழுப்புரத்துக்கு அனுப்பிவிட்டார்.

அங்கே டாக்டர், "விரை திருகிக்கிச்சு. ரத்த ஓட்டம் இல்ல. தேறலைன்னா எடுத்துடணும். நல்லா இருக்கற பக்கமும் திருகாம இருக்கத் தையல் போட்டுடுவோம்" என்றார். அப்பாவின் முகம் மாறிவிட்டது. ஆம்பளைக்கு அந்த இடத்தில் கத்தி வைத்தால் அது குடும்பக் கட்டுப்பாடுதான் என்பது எங்கள் பக்கத்து முடிவு.

"வலி ஒரு பக்கம், தையல் ரெண்டு பக்கமா? எனக்கு இவன் ஒரே புள்ள சார். வேற எதாச்சும் பண்ணி அனுப்பிட்டீங்கன்னா நான் யாரப் போய்க் கேக்கறது?"

"நேரம் போய்க்கினே இருக்குங்க. இருக்கற ஒன்னையாவது காப்பாத்த வுடுங்க."

அப்பா கையெழுத்துப் போட்டார். நர்ஸ் என் கயிற்றை அறுத்துப் போட்டதும், "நாளைக்கு எதாச்சும் ஆச்சின்னா சாட்சி வேணும்" என்று அதைப் பொறுக்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

இடது பக்கம் போயிற்று, வலது தங்கியது. சந்தேகமும் தங்கிவிட்டது. எனக்குக் கல்யாணம் ஆன பிறகு, யாராவது விழுப்புரம் என்றாலே அப்பாவின் கண் பீரோவுக்குப் போகும். அவர் சந்தேகம் எனக்கும் ஒட்டிக்கொண்டது. பிள்ளை பிறக்காதோ என்று மனைவியிடம் சொல்லாமல் உள்ளுக்குள் பயந்துகொண்டிருந்தேன்.

இந்த வருடம் எனக்கு மகன் பிறந்தான். அப்பா துணியை விலக்கி, மூட்டையைச் சோதிக்கிற அதே கவனத்தோடு பார்த்தார். "ரெண்டும் எறங்கிக்கீதான்னு டாக்டர நல்லா பாக்கச் சொல்லு" என்றார். நர்ஸுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

பிள்ளைக்குப் புது அரைஞாண் கட்டிய அன்று பீரோவைத் திறந்தேன். பழைய கயிற்றைக் காணோம்.

"எங்க போச்சுப்பா அது?"

"கேஸு முடிஞ்சிச்சு. இன்னும் சாட்சிய எதுக்கு வச்சிக்கினு?"

பேரனின் இடுப்பு முடிச்சைச் சரிபார்த்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "அன்னிக்கி அந்த ஓமத்தண்ணியக் குடுக்காம, ஒடனே இட்டுக்கினு போயிருக்கணும்டா."