பத்ரிநாராயணனின் வலது கன்னம்

காகிதத்தை நான்காக மடித்து, அதன் கூர்முனையால் வலது கன்னத்தில் ஆறு இடங்களில் தொடுவார் பத்ரிநாராயணன். காதருகே, மூக்கோரம், உதட்டுக்கு மேலே. ஒவ்வொரு முறையும் கண்ணைச் சுருக்கிக் காத்திருந்து "ஓகே" என்பார். ஆறு ஓகேக்குப் பிறகுதான் சவரம்.

பாலாநகரில் ஒரு தொழிற்சாலையில் முப்பத்திரண்டு வருடம் தரப் பரிசோதகராக இருந்தவர். மல்காஜ்கிரியில் எங்களுக்குக் கீழ்வீடு. பால் பாக்கெட்டில் தேதி பார்க்காமல் உள்ளே விடமாட்டார். என் வீட்டு ஊறுகாயைக்கூட முகர்ந்துவிட்டு, "என்னிக்குப் போட்டது?" என்பார்.

எட்டு வருடம் அந்தக் கன்னத்தில் நரம்பு வலி. மின்விசிறிக் காற்று பட்டாலே ஷாக் அடித்ததுபோல் துடிப்பார். மென்று தின்னப் பயந்து பட்டினி கிடந்த நாட்கள் உண்டு. மாத்திரை, ஊசி எதுவும் நிலைக்கவில்லை. போன தை மாதம் மனைவி கல்பகம் அவரைப் பெருமாள் கோவிலுக்கு அழைத்துப் போனார். "என்னால முடியலை. இனி உன் பாடு" என்று சந்நிதியில் இவர் சொல்லிவிட்டு வந்தாராம். மறுநாளிலிருந்து வலி இல்லை.

சந்தேகம் ஆரம்பித்தது அன்றைக்குத்தான்.

"காரணமே இல்லாம ஒரு ஃபால்ட் எப்படி சார் போகும்? எங்க ஃபேக்டரியில அதை பாஸ் பண்ணவே மாட்டோம்."

"ஒப்படைச்சா விட்டுடணும். தினம் குத்திப் பாக்கற இந்த வேலை நக்கோ, வேண்டாம்" என்பார் கல்பகம்.

"ஒப்படைச்சேன். அவன் வாங்கிண்டானான்னு தெரிய வேண்டாமா?"

பதினோரு மாதம் இப்படியே போயிற்று. வலியில்லாத ஒருவர் அவ்வளவு நிம்மதியில்லாமல் இருந்து நான் பார்த்ததில்லை. பேச்சின் நடுவே நிறுத்திவிட்டு, வாசலில் யாரோ வந்து நிற்பதுபோல் கன்னத்தையே கவனிப்பார்.

போன சனிக்கிழமை மூவரும் கோவிலுக்குப் போனோம். துளசித் தீர்த்தம் வாயில் பட்டதும் அவர் முகம் கோணியது. ஒரு கண்ணில் நீர் வழிந்தது.

"வந்துடுத்தா?" கல்பகம் அவர் கையைப் பற்றினார்.

ஆமாம் என்று தலையாட்டினார் பத்ரிநாராயணன்.

பெருமாளோடு சண்டைக்குப் போவார் என்றுதான் நினைத்தேன். அவரோ கொடிமரத்தடிக்கு நடந்தார். மெல்ல மண்டியிட்டு, குப்புறப் படுத்து, துடிக்கிற அதே கன்னத்தைக் கல்தரையில் வைத்து அழுத்தினார். கல்பகம் பதறித் தூக்கிவிட ஓடினார். கண்ணைத் திறக்காமலேயே பத்ரிநாராயணன் ஒரு கையை மட்டும் உயர்த்தி, வேண்டாம் என்று அசைத்தார்.