ரேடியோவில் ஒலிபரப்பான என் அழுகை

தஞ்சாவூரில் தனியார் எஃப்.எம். வந்த புதிது. அதுவரை எங்களுக்கு அரசாங்க வானொலிதான். அதில் புயல் என்று சொல்லிவிட்டால் எங்கள் ஊரான அதிராம்பட்டினத்தில் ஒரு படகும் கடலுக்குப் போகாது. புது ஸ்டேஷனோ நாள் முழுக்கப் பாட்டும் கிண்டலுமாக இருந்தது. கடைத்தெரு முழுக்க அதுதான் ஓடியது. எனக்கும் பிடித்துத்தான் இருந்தது.

ஒருநாள் காலை ஒரு போன் வந்தது. துபாயில் இருக்கும் என் கணவரின் கம்பெனியிலிருந்து பேசுவதாக ஒருவர் சொன்னார். விசா போலியாம், அவரைப் போலீஸ் பிடித்துவிட்டதாம். நான் கதறிவிட்டேன். நன்றாக அழவிட்டு, அப்புறம் சிரித்துக்கொண்டே எஃப்.எம். பெயரைச் சொன்னார். எல்லாம் விளையாட்டாம். "இதை ரேடியோவில போடாதீங்க" என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டுத்தான் போனை வைத்தேன்.

சாயங்காலம் போட்டார்கள். நான் அழுதது முழுசாக வந்தது. போடாதீங்க என்று சொன்னதை வெட்டிவிட்டார்கள்.

கடையில் இருந்த என் மாமனார் அதைப் பாதிவரைதான் கேட்டிருக்கிறார். கடையைத் திறந்தபடியே விட்டுவிட்டு, செருப்புகூடப் போடாமல் ஓடி வந்தவர், வாசலிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். பொய் என்று நான் எவ்வளவு சொல்லியும் நம்பவில்லை. "ரேடியோவுல சொன்னாங்களேம்மா" என்றார். துபாய்க்குப் போன் போட்டு மகன் குரலைக் கேட்ட பிறகுதான் தண்ணீர் குடித்தார்.

மறுநாள் நானும் மாமாவும் தஞ்சாவூருக்கு பஸ் ஏறினோம். ஸ்டேஷன் மேனேஜர், "ஜாலிக்குத்தான் மேடம்" என்று ஒரு பரிசுப் பெட்டியை நீட்டினார். நான் அதைத் தொடவில்லை. எனக்குப் போன் செய்த அறிவிப்பாளரும் பக்கத்தில் நின்றார். அவரிடம், "உங்க அம்மா நம்பரைச் சொல்லுங்க. நீங்க ஆக்ஸிடென்ட்ல அடிபட்டுட்டீங்கன்னு நான் சொல்றேன்" என்றேன்.

அவர் முகம் மாறியது. "அம்மாவுக்கு பிரஷர் இருக்குங்க."

"எங்க மாமாவுக்கும் இருக்கு."

மேனேஜரிடம், இன்றைக்கும் அதே நேரத்தில், அதே நிகழ்ச்சியில், அது பொய் என்று சொல்லுங்கள் என்று கேட்டேன். அதெல்லாம் வழக்கமில்லை என்று மேனேஜர் எழுந்துவிட்டார். கடைசிவரை சொல்லவில்லை. வெகுநாள் வரை கடைத்தெருவில், பாதி மட்டும் கேட்ட யாராவது என்னை நிறுத்தி, "மாப்பிள்ளைய விட்டுட்டாங்களாம்மா?" என்று இரக்கத்தோடு கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

அரசாங்கத்தின் கையிலிருந்து ரேடியோ வெளியே வந்ததை நான் குறை சொல்லவில்லை. ஆனால் என் அழுகையை இரண்டு விளம்பரங்களுக்கு நடுவில் வைக்க இவர்களுக்கு யார் உரிமை கொடுத்தது என்ற கோபம் எனக்கு இன்றும் ஆறவில்லை, ஆறவும் வேண்டாம்.