சின்னம்மா மீன்கூடையை வைத்த இடம்

சின்னம்மா ஈச்சிலம்பற்றில் பிறந்தவர். எங்கள் அம்மா இறந்த பிறகு அப்பாவை மணந்து லிங்கநகர் வீட்டுக்கு வந்தார். இனி இந்தப் பிள்ளைகள் சீரழியும் என்று அன்று சொன்ன உறவினர்கள் பலர் இன்று இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கிறீர்கள். எனவே நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

துறைமுகத்தில் மூட்டை இறக்கிய அப்பாவும் சில வருடங்களில் கண்ணை மூடினார். சின்னம்மா கூடையில் மீன் விற்று எங்களை வளர்த்தார். அண்ணன் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு, துறைமுகத்தில் பித்தளை திருடும் கூட்டத்தோடு சேர்ந்தார். பொலிஸ் பிடித்தது. நன்னடத்தை உத்தியோகத்தர் வீட்டுக்கு விசாரிக்க வந்தபோது பெரியப்பா முந்திக்கொண்டார்.

"இவனைச் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்புங்கோ ஐயா. இஞ்ச வைச்சிருக்க ஏலாது."

உத்தியோகத்தர் சின்னம்மாவிடம் கேட்டார். "நீங்கள் பொடியனுக்கு ஆர்?"

"தாய்."

"பெத்த தாயோ?"

"சோறு போடுற தாய். நான் பாத்துக்கொள்ளுவன். அனுப்ப வேண்டாம்."

அண்ணனை வீட்டில் விட்டார்கள். மறுபடி பிடிபட்டால் போகவேண்டியதுதான்.

சின்னம்மா அடிக்கவில்லை, புத்தி சொல்லவுமில்லை. மறுநாள் மீன்கூடையைச் சந்தைக்குக் கொண்டுபோகாமல், திருட்டுப் பித்தளை வாங்கும் கடைக்கு எதிரே வைத்து உட்கார்ந்தார். கூட்டத்தின் தலைவன் வந்தான்.

"என்ன மாமி, பழைய இரும்புக் கடைக்கு முன்னால மீனோ? ஈதான் வாங்கும்."

"வாங்கட்டும் தம்பி. எங்கட பொடியன் வாறானோ எண்டு பாக்க வந்தனான். உங்கட அம்மாவையும் வரச்சொல்லுங்கோ, கதைச்சுக்கொண்டு இருக்கலாம்."

மீன் விலைபோகவில்லை. நாங்கள் கஞ்சி குடித்தோம். சின்னம்மா இடம் மாறவில்லை. அந்தக் கூட்டத்திடம் பிள்ளைகளைப் பறிகொடுத்திருந்த வேறு தாய்மாரும் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார்கள்.

ஒருநாள் அண்ணன் தோளில் சாக்கோடு, தலைவனுக்குப் பின்னால் வந்தார். சின்னம்மா நிமிர்ந்து பார்த்தார்.

"சாப்பிட்டனியோ?"

அவ்வளவுதான் கேட்டார். அண்ணன் சாக்கைத் தலைவனின் காலடியில் போட்டுவிட்டுச் சின்னம்மாவுக்குப் பக்கத்தில் குந்தினார். அன்று வீட்டுக்குக் கூடையைத் தூக்கி வந்தது அண்ணன்தான். பிறகு, நாங்கள் காக்கா என்று கூப்பிடும் மூதூர் முஸ்லிம் பெரியவர் ஒருவர் வள்ள இயந்திரம் திருத்தும் தொழிலை அவருக்குப் பழக்கினார்.

சின்னம்மா கடைசியில் படுக்கையில் கிடந்தபோது தூக்கி இருத்தியதும் முகம் கழுவிவிட்டதும் அந்தக் "கள்ளப் பொடியன்"தான். செத்த வீட்டில் பெரியப்பா, "சொந்தப் பிள்ளை இல்லையே, கொள்ளி வைக்கிறது ஆர்?" என்றார். அண்ணன் போய்க் கொள்ளிக்குடத்தைத் தூக்கினார்.

சின்னம்மாவை நம்பிய அந்த உத்தியோகத்தருக்கும், கடை வாசலில் கூட இருந்த தாய்மாருக்கும், மூதூர்க் காக்காவுக்கும், நோயில் உதவிய அயலவர்களுக்கும் எங்கள் நன்றி. உறவினர்களுக்கு, வந்து சாப்பிட்டதற்கு நன்றி.

இன்னொன்று. உங்கள் வீட்டுப் பிள்ளை தடம் மாறினால் வெளியே தள்ளாதீர்கள். உங்களால் ஏலாவிட்டால் அண்ணனின் இயந்திரப் பட்டறைக்கு அனுப்புங்கள். ஏற்கனவே இருவர் அங்கே இருக்கிறார்கள். யாருடைய பிள்ளைகள் என்று எழுதமாட்டேன். இன்னும் இடம் இருக்கிறது.

– மகள்