தம் போட்ட நூடுல்ஸ்

எண்பதுகளின் தொடக்கத்தில் ஒரு கோடைக்காலம். ஆம்பூரில் ஒரு தோல் தொழிற்சாலையில் சூப்பர்வைசராக இருந்தேன். என் மனைவிக்கு வேலூரில் ஓர் ஆஸ்பத்திரியில் வயிற்றில் ஆபரேஷன் நடந்திருந்தது. பக்கத்துச் சந்தில் ஒரு லாட்ஜில் அறை எடுத்துத் தங்கி, பகலில் ஆம்பூருக்கும் மாலையில் ஆஸ்பத்திரிக்குமாக பஸ்ஸில் அலைந்துகொண்டிருந்தேன்.

அந்த லாட்ஜில் பெரும்பாலும் வெளிமாநிலத்து நோயாளிகளின் சொந்தக்காரர்கள்தான். ஆளுக்கொரு மண்ணெண்ணெய் ஸ்டவ்வை வாடகைக்கு எடுத்து, அறையிலேயே சமைத்துக்கொள்வார்கள். என் பக்கத்து அறையில் கல்கத்தாவிலிருந்து வந்த ஒரு சீனப் பெண்மணி. என் வயதுதான் இருக்கும். அவர் கணவருக்கு இரண்டு மாதமாக வைத்தியம் நடந்துகொண்டிருந்தது. தினமும் மாலையில் ஒரு பாட்டிலிலிருந்து கறுப்பாக எதையோ ஊற்றி வதக்குவார். அந்த வாடை கதவிடுக்கு வழியாக வந்து என் தலையணை வரைக்கும் ஏறிவிடும். மூன்று நாள் பொறுத்தேன். நான்காம் நாள் மேனேஜரிடம் போய்ப் புகார் சொன்னேன். மறுநாளே அந்தம்மாவின் ஸ்டவ் மொட்டை மாடிக்குப் போய்விட்டது.

இத்தனைக்கும் நான் எப்படிப்பட்ட ஆள் தெரியுமா? எத்தனை சோப்புப் போட்டாலும் தோல் வாடை போகாத ஆள். பஸ்ஸில் பக்கத்து சீட்காரர் கைக்குட்டையைத் தேடுவார் என்று கடைசி சீட்டாகப் பார்த்து உட்காருகிற ஆள். அதெல்லாம் அன்றைக்கு ஞாபகத்துக்கு வரவில்லை.

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தும் என் மனைவி சாப்பிட மறுத்தாள். கஞ்சி, இட்லி, ரசம் சாதம் எல்லாம் அப்படியே திரும்பி வந்தன. நாளுக்கு நாள் துரும்பாக இளைத்தாள். இன்னும் இரண்டு நாள் இப்படியே போனால் மூக்கில் குழாய் வைத்துத்தான் உணவு செலுத்த வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். என்னதான் வேண்டும் என்று கெஞ்சிக் கேட்டேன்.

"கல்யாணமான புதுசுல இந்த ஊர் ஓட்டல்ல நூடுல்ஸ் வாங்கிக் குடுத்தீங்களே, அது கெடச்சா ரெண்டு வாய் சாப்புடுவேன்" என்றாள்.

டாக்டரிடம் கேட்டேன். அவள் சாப்பிட்டால் சரி, ஆனால் ஓட்டலில் வாங்கக் கூடாது, எண்ணெயும் காரமும் கம்மியாக நீங்களே செய்து கொடுங்கள் என்றார்.

எனக்குத் தெரிந்த ஒரே சமையல் பிரியாணி. தொழிற்சாலையில் என் தோஸ்த் ஒருவர் பழக்கிவிட்டது. அரிசியை வேகவைத்து வடிக்கிறோம், நூடுல்ஸையும் வேகவைத்து வடிக்கிறார்கள், இதில் என்ன பெரிய வித்தை என்று நினைத்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை லீவு. இரண்டு பாக்கெட் நூடுல்ஸும் கோஸ், கேரட், பீன்ஸும் வாங்கி வந்தேன். ஒரு பாக்கெட்டை முக்கால் பதம் வேகவைத்து வடித்து, காய்களோடு மாற்றி மாற்றி அடுக்கி, தட்டு போட்டு மூடி, மேலே ஒரு சொம்புத் தண்ணீரை பாரமாக வைத்து, இருபது நிமிடம் பக்குவமாகத் தம் போட்டேன்.

திறந்தால் ஒரே கட்டி. கரண்டியைக் குத்தினால் நட்டுக்கொண்டு நின்றது.

காக்காய்க்காவது போடலாம் என்று பாத்திரத்தோடு மொட்டை மாடிக்குப் போனேன். அங்கே உச்சி வெயிலில், தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு, ஸ்டவ் முன்னால் அந்தம்மா உட்கார்ந்திருந்தார். எனக்கு அப்போதுதான் சுருக்கென்றது. நைசாகத் திரும்பிவிடப் பார்த்தேன். அதற்குள் பாத்திரத்தை எட்டிப் பார்த்துவிட்டு, இது என்ன என்று இந்தியில் கேட்டார். எங்கள் ஊரில் பழகிய உருதுவில் நடந்ததைச் சொன்னேன். தம் போட்டேன் என்றதும் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மனைவியின் நிலைமையைச் சொன்னதும் சிரிப்பு நின்றுவிட்டது. பார்வை நேரத்துக்கு இன்னும் எவ்வளவு இருக்கிறது என்று மட்டும் கேட்டு, மிச்ச பாக்கெட்டையும் மீதிக் காய்களையும் எடுத்துவரச் சொன்னார்.

அந்த ஒரு மணி நேரத்தை இன்றைக்கும் வியந்துகொண்டிருக்கிறேன். நூடுல்ஸை விரல் நகத்தால் கிள்ளிப் பார்த்து, நடுவில் கொஞ்சம் விறைப்பு இருக்கும்போதே வடித்தார். பச்சைத் தண்ணீரில் அலசி, ஒரு சொட்டு எண்ணெய் தடவி, தட்டில் பரப்பிக் காற்றாட விட்டார். நான் துண்டு துண்டாக வெட்டியிருந்த காய்களை ஒதுக்கிவிட்டு, புதிதாகத் தீக்குச்சிபோல் நறுக்கினார். கல்கத்தாவிலிருந்து கூடவே கொண்டுவந்த இரும்புக் கடாய் புகைகிற வரை காத்திருந்தார். அதன்பிறகு அந்தக் கை நிற்கவே இல்லை. பூண்டு, கேரட், பீன்ஸ், கடைசியில் கோஸ். எல்லாவற்றையும் மொத்தமாகப் போட்டால் கடாய் சூடு ஆறிவிடும், காய் தண்ணீர் விட்டுவிடும் என்று பிடிபிடியாகத்தான் போட்டார். அந்தக் கறுப்பு சோயா சாஸ் பாட்டிலைச் சாய்த்து, நடுவில் ஊற்றாமல் கடாயின் ஓரத்தில் சில சொட்டு விட்டார். சுர்ரென்று ஓர் ஆவி எழுந்தது. நான் புகார் சொன்ன அதே வாடை. ஆனால் என் மனைவி கேட்ட ஓட்டலின் மணமும் அதுதான் என்று அப்போதுதான் புரிந்தது.

"தம்மெல்லாம் அரிசிக்கு. இதுக்கு அவ்ளோ பொறுமை ஆகாது" என்றார். பாட்டிலின் அடியில் இருந்ததே கொஞ்சம்தான். அதிலும் ஒரு பகுதியைக் கிண்ணத்தில் ஊற்றி, நாளைக்கு நீங்களே செய்யுங்கள் என்று கொடுத்தார்.

ஆஸ்பத்திரியில் டிபன் கேரியரைத் திறந்ததுமே மனைவி தலையணையில் சாய்ந்து நிமிர்ந்து உட்கார்ந்தாள். இரண்டு வாய் என்றவள் ஒரு கிண்ணம் முழுக்கச் சாப்பிட்டாள். குழாய் பேச்சு அதோடு போனது. எனக்குக் கண் நிறைந்துவிட்டது, கூச்சப்படாமல் துடைத்துக்கொண்டேன். நூடுல்ஸ் யார் செய்தது என்று அவள் கேட்டபோது, நான்தான் என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது. நல்லவேளை, சொல்லவில்லை.

மனைவியை வீட்டுக்கு அனுப்புவதற்கு முந்தின நாள் மாடிக்குப் போய், மேனேஜரிடம் புகார் சொன்னது நான்தான் என்று ஒப்புக்கொண்டேன். தலை நிமிரவில்லை.

"தெரியுமே, மேனேஜர் அன்னிக்கே சொல்லிட்டாரு" என்று சொல்லிவிட்டு காய் நறுக்கினார். பிறகு எப்படி எனக்கு உதவினீர்கள் என்று கேட்டேன். அவர் பதிலை அப்படியே தமிழில் சொல்கிறேன்.

"எங்களுக்கும் கல்கத்தாவுல தோல் வேலைதான். எங்க வீட்டுக்குப் பின்னாடியே தோல் பதப்படுத்துற டேனரி. நீங்க வேலையிலேர்ந்து வந்து வராந்தா கொடியில சட்டையப் போடுவீங்க இல்ல, தண்ணி புடிக்கப் போறப்போ எல்லாம் அது பக்கத்துல கொஞ்சம் நின்னுட்டுப் போவேன். எங்க வீட்டு வாசல்ல நிக்கிற மாதிரி இருக்கும்."

ஸ்டவ்வைத் தூக்கிக்கொண்டு கீழே இறங்கினேன். மேனேஜரிடம் என் தப்பைச் சொல்லி, அதைப் பழையபடி அந்தம்மாவின் அறையிலேயே வைத்துவிட்டு வந்தேன்.

அதன்பிறகு அவரைப் பார்க்கவில்லை. அவர் கணவர் குணமானாரா என்றும் தெரியவில்லை, குணமாகியிருக்க வேண்டும் என்று வேண்டிக்கொள்வேன். அன்றிலிருந்து ரிட்டயர் ஆகும்வரை பஸ்ஸில் கடைசி சீட்டைத் தேடிப் போனதில்லை. பக்கத்து வீட்டு அடுப்பிலிருந்து பழக்கமில்லாத வாடை ஏதாவது வந்தால், மூக்கைச் சுளிப்பதற்குள் கொடியில் தொங்கிய என் சட்டையும், அதன் பக்கத்தில் தண்ணீர்க் குடத்தோடு நின்ற அந்தம்மாவும்தான் கண்முன் வருகிறார்கள்.