‘மண்ணு’ உமாராணி

சப்பாத்தி மாவில் ஓர் உருண்டை பிடித்து, கட்டைவிரலால் இரண்டு கண்குழி அழுத்தி, மூக்கைக் கிள்ளி எடுத்து, தாடையைக் கொஞ்சம் முன்னால் இழுத்துவிட்டு, உமாராணி அதைச் சற்று நேரம் முறைத்துப் பார்ப்பார். பிறகு பூரிக்கட்டையால் ஒரே தேய். முகம் வட்டமாகிக் கல்லில் விழும். அன்றைக்கு யார் மேல் கோபமோ அவர்தான் அன்றைய சப்பாத்தி. மகன் நிதின் பள்ளிக்கூடப் பையைக்கூடக் கழற்றாமல் எட்டிப் பார்த்து, “ஹூ இஸ் இட் டுடே, அம்மா?” என்பான். டைல்ஸ் கம்பெனியில் தரம் பார்க்கும் வேலையில் இருக்கும் கணவர் கோபாலசாமி தட்டில் விழுந்ததைப் பிய்த்தபடி, “இன்னிக்கு ரொம்ப மெத்துன்னு இருக்கே, நல்ல கோவமோ?” என்று கேட்பார். அமீரகத்தில், ராஸ் அல் கைமாவில் அந்த வீட்டு ராத்திரிச் சாப்பாடு இப்படித்தான் நடக்கிறது.

‘டிவில வந்த மண்ணு அக்கா’ என்றால் துபாயிலிருந்து ருவைஸ் வரை தமிழர்களுக்குத் தெரியும். அவர் ஒரு சிற்பி என்று சொல்லிப் பாருங்கள், பாதிப் பேர் நம்ப மாட்டார்கள். கும்பகோணத்தில் சிற்பக்கலை படித்துப் பட்டம் வாங்கியவர். கல்யாணமாகி இங்கே வந்த நாள்முதல் மால்களுக்கும் கல்யாண மேடைகளுக்கும் தெர்மாகோலில் ஒட்டகமும் ராஜாளியும் அன்னமும் செதுக்கிக் கொடுக்கிறார். விழா முடிந்த மறுநாள் அவையெல்லாம் குப்பை லாரியில் ஏறிவிடும். அதில் அவருக்கு வருத்தமில்லை. “பண்ணும்போது நல்லா இருந்துச்சுல்ல, போதும்” என்பார். களிமண் மட்டும் அவருடைய சொந்த விஷயம். பால்கனியில் ஈரச்சாக்கு போட்டு மூடிய வாளி ஒன்று எப்போதும் இருக்கும். ஊருக்குப் போகும்போது பக்கத்து வீட்டில் துளசிச் செடிக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்வார்களே, இவர் சாக்கை நனைக்கச் சொல்லிவிட்டுப் போவார்.

இந்தக் களிமண்தான் அவரை டிவிக்கு இழுத்துக்கொண்டு போனது. வெளிநாட்டுத் தமிழர்கள் பத்துப் பேரைச் சென்னையில் ஒரு வீட்டில் அடைத்துவைத்து, நாள் முழுக்கக் கேமரா ஓடும் நிகழ்ச்சி. “மேடம், நீங்க உள்ள உக்காந்து சிலை செய்ங்க, ஜனங்க பாக்கட்டும்” என்று சொல்லித்தான் கூப்பிட்டார்கள். நம்பிப் போனார். அந்த வீட்டைப் பெருக்கித் துடைக்க சுந்தராம்பாள் என்று ஓர் அம்மா வருவார். கேமராவில் விழாமல் ஓரமாக நடக்கச் சொல்லி அவருக்கு உத்தரவு. உமாராணி அந்த அம்மாளின் தலையைக் களிமண்ணில் செய்யத் தொடங்கினார். காது மடல், கழுத்துச் சுருக்கம், பேச வந்து நிறுத்திக்கொண்ட வாய், எல்லாம் அதில் வந்துவிட்டன என்று அவரே சொல்வார். தன் வேலையைத் தானே மெச்சிக்கொள்கிற பழக்கம் இல்லாதவர் அவர்.

அது காய்வதற்குள், விஷால் என்ற இன்னொரு போட்டியாளன் அதைத் தூக்கிக்கொண்டுபோய் நீச்சல் குளத்தில் முக்கினான். அவனாகச் செய்தானா, யாராவது செய்யச் சொன்னார்களா என்று இன்றுவரை தெரியாது. மூக்கு கரைந்து வழிவதை உமாராணி பார்த்தார். மூச்சு விடாமல் கத்தித் தீர்த்தார். அந்த அம்மாவைப் பற்றி, அந்த வாயைப் பற்றி, அதற்காகக் கண்விழித்த இரவுகளைப் பற்றி. ஒளிபரப்பானது ஒரே ஒரு வரி.

“மண்ணு தெரியுமாடா ஒனக்கு?”

சிலையைக் காட்டவே இல்லை. செய்ததையும் காட்டவில்லை, கரைந்ததையும் காட்டவில்லை. சுந்தராம்பாள் என்று ஒருத்தி அந்த வீட்டில் நடமாடியதாகவே அடையாளம் இல்லை. யாரோ ஒரு பையன் சிரிக்கிறான், ஒரு பெண்மணி முடியை விரித்துக்கொண்டு கத்துகிறாள், அவ்வளவுதான். களிமண்ணைப் பற்றிக் கேட்ட கேள்வியை, ‘உனக்கு ஒரு மண்ணும் தெரியாது’ என்று திட்டியதாக ஊரே எடுத்துக்கொண்டது. மறுவாரம் அது ரிங்டோன். அதற்கடுத்த வாரம் பனியனில் அச்சாகிவிட்டது. வாட்ஸப்பில் அவர் முகம் வாயைத் திறந்து திறந்து மூடியது. என்னைக் கேட்டால், கரைத்தவனைவிட வெட்டி ஒட்டியவன்தான் பெரிய பாவி.

ஆரம்பத்தில் உமாராணியும் இதற்கு உடன்பட்டார், அதை மறைக்க வேண்டியதில்லை. அல் ஐனில் ஒரு நகைக்கடைத் திறப்பு விழாவில் மைக்கைக் கொடுத்து, “மேடம், அந்த டயலாக்” என்றார்கள். சொன்னார். கை தட்டினார்கள். சிரித்துக்கொண்டே வீடு வந்தார். அன்றைக்கு மாவு உருண்டையில் அவர் கிள்ளியெடுத்த மூக்கு அவருடைய மூக்காகவே இருந்ததாம். கோபாலசாமி பார்த்துவிட்டு, அந்த ஒன்றை மட்டும் பிய்க்காமல் தட்டோரம் ஒதுக்கிவைத்தார்.

அதற்குப் பிறகுதான் ஆபத்து புரிந்தது. பள்ளிக்கூட பஸ்ஸில் ஏசி ஓடாமல் பிள்ளைகள் வெந்துபோய் வந்த ஜூன் மாதத்தில், உமாராணி பள்ளிக்கூட ஆபீசில் போய்ச் சண்டை போட்டார். மேஜைக்குப் பின்னால் இருந்த தமிழ்ப் பெண் முகம் மலர எழுந்து, “மேம், அச்சு அசல் டிவில பாத்த மாதிரியே இருக்கு! ஒரு செல்ஃபி மேம், ப்ளீஸ்” என்றாள். இதே புகாரோடு நாலு நாள் கழித்துப் போன கோபாலசாமி, அவருடைய வழக்கப்படி தணிந்த குரலில் ரெண்டு வார்த்தை சொன்னார். மறுநாள் பஸ்ஸை மாற்றிவிட்டார்கள். உமாராணி அதைச் சொல்லும்போது இன்றைக்கும் பல்லைக் கடிப்பார். “நான் கோவப்பட்டா ஜோக்குங்க. எங்கிட்டேர்ந்து அதயும் புடுங்கிட்டானுங்க. ஒரு மனுஷிக்குக் கோவம்கூட சொந்தமா இருக்கப்படாதா?”

இந்தத் தீபாவளிக்கு வந்தது அடுத்த சோதனை. சீதாராமன் என்பவர் விழா எடுத்து நடத்துகிற கம்பெனி வைத்திருக்கிறார். கோயம்புத்தூர்க்காரர், யாரிடமும் முகம் சுளிக்காமல் பேசுவார். தீபாவளி விழாத் திடலில் நிறுத்த ஒரு மயில் கேட்டார். இரண்டு ஆள் உயரம், மரச்சட்டத்தின் மேல் தெர்மாகோல், முதுகில் குழந்தைகள் ஏறி உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்ள ஒரு இருக்கை. திருகாணிகளை முடுக்குவதற்காக வயிற்றுப்பக்கம் ஆள் நுழைகிற அளவுக்கு ஒரு கதவு வைத்தார் உமாராணி. ஒரு பிளைவுட் பலகை, அவ்வளவுதான். வெளிச்சம் எல்லாம் வெளியிலிருந்துதான் விழ வேண்டும், உள்ளே ஒரு ஒயர்கூடப் போகக் கூடாது என்று முதல் நாளே சொல்லியிருந்தார். தீப்பாதுகாப்பு சோதிக்க வந்தவர்களும் பார்த்துவிட்டுச் சரி என்று போனார்கள்.

விழாவன்று சாயங்காலம் உமாராணி திடலுக்குப் போனபோது, மயிலின் வயிற்றுக்குள், போட்டால் நெருப்பாய்ச் சுடுகிற ஹாலஜன் விளக்குகள் இருந்தன. தெர்மாகோலை ஒட்டி, தொட்டுக்கொண்டு. ஒயரை இழுத்துக்கொண்டிருந்தவர் ராக்கப்பன். உமாராணியின் பட்டறையிலேயே தெர்மாகோல் அறுப்பவர், சிவகங்கைப் பக்கத்துக்காரர்.

“யாரண்ணே இத வெச்சது?”

“சார்தாங்க்கா வெக்கச் சொன்னாக. இருட்டுனா உள்ளருந்து மினுமினுக்கணுமாம். நான் வேணாம்னேன். ஜல்தி ஜல்தின்னு நிக்கிறாக.”

அதற்குள் மேலே ஹர்ஷினி என்ற குழந்தையை ஏற்றிவிட்டார்கள். பட்டுப்பாவாடையோடு இருக்கையில் உட்கார்ந்திருந்தது. விளக்கைப் போட்டு ஒரு படம் எடுத்துப் பார்த்துவிட வேண்டுமாம். சீதாராமன் கையில் சுவிட்சுப் பெட்டி.

உமாராணி ஓடினார். “சார், போடாதீங்க! தெர்மாகோல் சார் அது! சூடு பட்டாலே உருகும், உருகினா பத்திக்கும். மேல கொழந்த உக்காந்திருக்கு, கண்ணு தெரியலயா ஒங்களுக்கு?”

“அஞ்சு நிமிஷந்தானுங்க மேடம். ஒண்ணும் ஆகாதுங்க.”

“அஞ்சு நிமிஷத்துல எரிஞ்சே போயிடும்யா! அறிவிருக்கா?”

அந்த ‘அறிவிருக்கா’ திடல் முழுக்கக் கேட்டது. கோலம் போட்டுக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்தார்கள். நாற்காலி அடுக்கியவர்கள் நாற்காலியைப் போட்டுவிட்டு வந்தார்கள். யாரும் மயிலைப் பார்க்கவில்லை. முதலில் ஒரு போன் உயர்ந்தது, பிறகு எத்தனை என்று எண்ண முடியாது. “மண்ணு அக்கா டோய்!” என்று யாரோ கூவினார்கள். உமாராணி விடவில்லை. திட்டினார். திட்டத் திட்டச் சிரிப்பு ஏறியது. ஹர்ஷினியின் அம்மாவே சிரித்துக்கொண்டு படம் எடுத்தாள், தன் குழந்தையை உயிரோடு இறக்கச் சொல்லி ஒருத்தி கதறுவதை. சீதாராமன் மனம் குளிர்ந்து, “சூப்பருங்க மேடம்! அப்படியே கடைசில அந்த டயலாக்கும் சொல்லிருங்க, ரீல்ஸ் போட்டுர்லாம்” என்றார்.

உமாராணி வாயை மூடினார்.

வேடிக்கை பார்த்தவர்கள் காத்திருந்தார்கள். அடுத்து அந்த வரிதான் என்று எல்லோருக்கும் உறுதி. அவர் துப்பட்டாவை இடுப்பில் சுற்றி முடிந்தார். மயிலின் வயிற்றருகே போய் மண்டியிட்டு, பலகையைத் திறந்து, உடம்பை ஒடுக்கி உள்ளே நுழைந்தார். விளக்குகளுக்கு நடுவில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

“இப்பப் போடுங்க சார்” என்றார். கோபாலசாமி பேசுகிற அளவுக்குத் தணிந்த குரல். “நான் உள்ளதான் இருக்கேன்.”

“மேடம், காமெடி பண்ணாதீங்க, வெளிய வாங்க.”

போன்கள் குனிந்தன. வாசலில் முண்டியடித்துக்கொண்டு அவர் முகத்தைத் தேடின. உமாராணி கையை நீட்டிப் பலகையை உள்ளேயிருந்து இழுத்துச் சாத்திக்கொண்டார்.

இப்போது படம் எடுக்க அங்கே ஒன்றும் இல்லை. வெள்ளைத் தெர்மாகோல் வயிறு, மூடிய பலகை. போன்களைப் பிடித்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். முதல் தடவையாக அண்ணாந்து மேலேயும் பார்த்தார்கள். ஹர்ஷினியின் அம்மா போனைப் பைக்குள் போட்டுவிட்டு, “பாப்பா, எறங்கு, எறங்கும்மா” என்று ஏணியில் ஏறினாள். சீதாராமன் பெட்டியைப் பிடித்தபடி நின்றார். அதை என்ன செய்வதென்று அவருக்குத் தெரியவில்லை.

ராக்கப்பன் நடந்துபோய்த் திடலோரச் சுவரிலிருந்து பிளக்கைப் பிடுங்கினார். திரும்பி வந்து பலகையைத் தட்டினார். “அக்கா, கரண்டப் புடுங்கிட்டேன். பாப்பாவையும் எறக்கியாச்சு. வாங்கக்கா.”

பலகை ஒரு சாண் திறந்தது. வெள்ளைத் துகள் ஒட்டிய கை ஒன்று வெளியே வந்து, ஒரு ஹாலஜன் விளக்கை மணலில் வைத்துவிட்டு உள்ளே போனது. மறுபடி வந்தது, இன்னொன்றை வைத்தது. சீதாராமன் குனிந்து, “மேடம், மன்னிச்சுக்குங்க” என்று ஏதோ சொல்லப் பார்த்தார். கடைசி விளக்கையும் வெளியே வைத்த கை, பலகையை இழுத்துச் சாத்திக்கொண்டது.