ஒன்பது அறையும் ஒரு வேம்பார் பஸ்ஸும்

சினிமாவில் சிரிப்பு நடிகனாக இருப்பது, ஊரிலுள்ள அத்தனை பேருக்கும் நம் முகத்தின் மேல் பாத்தியதை எழுதிக் கொடுப்பது மாதிரி. தூத்துக்குடியை ஒட்டிய முத்தையாபுரத்திலிருந்து கிளம்பிப் போய் இருபது வருஷமாக அந்தத் தொழிலில் இருக்கிறேன். மேனேஜர் செய்த தப்புக்கு ஆபீசில் திட்டு வாங்குகிற உங்களுக்கு என் கதை நன்றாகவே புரியும்.

இன்னொரு காது

துறைமுகம் பக்கம் படப்பிடிப்பு. கதாநாயகன் என்னைக் கன்னத்தில் அறைய வேண்டும். கையை வீசினால் போதும், சத்தத்தை அப்புறம் சேர்த்துக்கொள்வார்கள். அவரோ நிஜமாகவே அறைந்தார். அறைந்த கையோடு வசனத்தை மறந்தார். மறுபடி அறை, மறுபடி மறதி. ஒன்பதாவது தடவை என் காது குப்பென்று அடைத்துக்கொண்டது. டைரக்டரிடம் போய், "ஒரு காது கேக்கல சார்" என்றேன். அவர் மானிட்டரிலிருந்து தலையைத் திருப்பவில்லை.

"இன்னொரு காது இருக்குல்லண்ணே, ஆக்‌ஷன் சொன்னா அதுல கேட்டுக்கோங்க."

என் ஊர்ப் பேச்சு

அடுத்த படத்தில் நான் ஆலந்தலை மீனவன். எனக்குத் தூத்துக்குடிப் பேச்சு சொல்லிக் கொடுக்கச் சென்னைக்காரர் ஒருவரைப் போட்டிருந்தார்கள். மூன்று வார்த்தைக்கு ஒரு 'ஏலே' வைத்திருந்தார். மாமனாரிடம் பேசுகிற காட்சியிலும் 'ஏலே'. "மாமனார ஏலேன்னா வீட்டுக்குள்ளயே விடமாட்டாவ சார்" என்றேன். நான் பிறந்தது, படித்தது, துறைமுகத்தில் எட்டு வருஷம் மூட்டை எண்ணியது எல்லாம் அந்த ஊரில்தான் என்றும் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்.

"இருக்கலாம் சார். ஆனா நீங்க பேசுறது தூத்துக்குடி மாதிரியே இல்ல."

நெஞ்சு வலி

போன வருஷம் வேம்பாரில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுப் பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தேன். நல்ல மத்தியானம். யாரோ நெஞ்சில் முழங்காலை வைத்து அழுத்துகிற மாதிரி வலித்தது. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தேன். பஸ்ஸே சிரித்தது. ஒரு படத்தில் மாமியார் பெட்டியோடு வந்து இறங்கியதும் நான் அப்படித்தான் சரிவேன். "நடிக்கல, நெசமாவே வலிக்கி" என்றேன். அதற்கு இன்னும் பெரிய சிரிப்பு. நாலைந்து செல்போன்கள் என் முகத்துக்கு நேராக நீண்டன. எனக்குச் சாவு பயம் வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. இவர்கள் சிரித்துக்கொண்டிருக்கும்போதா நான் போய்ச் சேர வேண்டும்?

பின் சீட்டில் கருவாட்டுக் கூடையோடு இருந்த ஒரு அம்மா எழுந்து வந்து என் கழுத்தைத் தொட்டுப் பார்த்தார்கள். "ஏலே, வண்டிய நேரா ஆஸ்பத்திரிக்கு விடு. மனுசனுக்கு மேலெல்லாம் வேத்து ஊத்துது" என்று டிரைவரை அதட்டினார்கள். சிரிப்பு அடங்கியது. பஸ் வேறெங்கும் நிற்காமல் ஆஸ்பத்திரி வாசலில் போய் நின்றது. பிழைத்துக்கொண்டேன்.

நடமாட ஆரம்பித்ததும், கண்டக்டரிடம் விசாரித்து அந்த அம்மாவைத் தேடிப் போனேன். நான் நடிக்கவில்லை என்று உங்களுக்கு மட்டும் எப்படித் தெரிந்தது என்று கேட்டேன். கருவாட்டைப் புரட்டிப் போட்டபடியே பதில் சொன்னார்கள்.

"நீங்க நடிக்கிற ஆளுன்னே எனக்கு இப்பத்தானய்யா தெரியும்."

ரசிகர்கள் நமக்கு வேண்டியவர்கள்தான், ஆனால் ஏறுகிற பஸ்ஸில் ஒருத்தராவது நம் படம் எதையும் பார்க்காதவராக இருந்துவிட வேண்டும்.